அகராதிக்கு அரிது, தஞ்சோங் டாவாய்க்கு அன்றாடம்

எஸ்.பி.எம். தேர்வு எழுதப்போகும் பிள்ளைகள் ஆங்கில டியூஷனுக்கு வந்ததும் முதலில் கேட்பது 'பொம்பாஸ்டிக் வேர்ட்ஸ்' பட்டியலைத்தான். மலாய்ப் பிள்ளை, சீனப் பிள்ளை, தமிழ்ப் பிள்ளை என்ற வேறுபாடே கிடையாது. கட்டுரையில் கடினமான ஆங்கிலச் சொற்களைத் தூவினால் மதிப்பெண் கூடும் என்ற நம்பிக்கை நம் நாட்டில் அவ்வளவு ஆழமாக வேரூன்றிவிட்டது. 'பிளெத்தோரா', 'யுபிக்விட்டஸ்', 'செரண்டிபிட்டி' என்று மனப்பாடம் செய்துகொண்டு வருவார்கள். எந்த வாக்கியத்தில் எது உட்காரும் என்று கேட்டால் முழிப்பார்கள்.

'பொம்பாஸ்ட்' என்ற சொல்லுக்கே முதல் பொருள் பஞ்சு. 16ஆம் நூற்றாண்டு இங்கிலாந்தில் சட்டைக்குள் திணித்து மார்பையும் தோளையும் உப்பலாகக் காட்டினார்களே, அந்தப் பஞ்சு. பிறகுதான் அந்தப் பெயர் வெறும் ஆடம்பரப் பேச்சுக்கு வந்து சேர்ந்தது. இதைச் சொன்னதும் பிள்ளைகள் கொஞ்சம் யோசிப்பார்கள். அந்த யோசனை எனக்குப் போதும். அங்கிருந்து பாடத்தைத் தொடங்கிவிடலாம்.

அரிய சொற்கள் மேல் எனக்குத் தீராத ஆசை. இந்திய அரசியல்வாதி சசி தரூர் 2017இல் 'ஃபராகோ' என்று ஒரு சொல்லைப் போட்டு இந்தியா முழுவதையும் அகராதி புரட்ட வைத்தாரே, அதை ஒரு நல்ல காரியமாகவே நினைக்கிறேன். முதல் மழைக்கு எழும் மண்வாசனைக்கு ஆங்கிலத்தில் பெயரே இல்லாமல் இருந்தது. இசபெல் ஜாய் பேர், ரிச்சர்ட் தாமஸ் என்ற இரண்டு ஆஸ்திரேலிய விஞ்ஞானிகள் 1964இல் 'நேச்சர்' இதழில் 'பெட்ரிகோர்' என்று ஒன்றை உருவாக்கிக் கொடுத்தார்கள். அந்தச் சொல்லைக் கேட்கும்போதெல்லாம் மனம் குளிர்கிறது. ஆனால் என் வருத்தம் வேறு. பெரிய பெரிய ஆங்கில அகராதிகள் 'அரிது', 'வழக்கொழிந்தது', 'வட்டார வழக்கு' என்று முத்திரை குத்தி வைத்திருக்கும் சொற்களில் ஒரு பெருங்கூட்டம் நம் கெடாவின் கம்பங்களிலும் தோட்டங்களிலும் கடைத்தெருக்களிலும் நடமாடுகிறது. அதைப் பாட்டி வாயில் கேட்டு வளர்ந்த பிள்ளை, தனக்கு ஆங்கிலம் வராது என்று தலை குனிந்து உட்கார்ந்திருக்கிறது. இந்தப் பதிவு அந்தப் பிள்ளைக்காக.

நான் கொடுக்கும் பட்டியலுக்குத் தாய்ப் புத்தகம் ஒன்று உண்டு. பெயர் 'ஹாப்சன்-ஜாப்சன்'. 1886இல் வெளிவந்தது. ஹென்றி யூல் என்ற ராணுவப் பொறியாளரும் ஆர்தர் பர்னல் என்ற மதராஸ் மாகாண அதிகாரியும் சேர்ந்து தொகுத்தது. பர்னல் தஞ்சாவூரில் நீதிபதியாக இருந்தவர். அங்கே அரண்மனையில் இருந்த சமஸ்கிருதச் சுவடிகளுக்கு அட்டவணை போட்டவர். புத்தகம் அச்சேறும் முன்பே 1882இல் காலமாகிவிட்டார். 1903இல் வில்லியம் குரூக் திருத்திய இரண்டாம் பதிப்பு வந்தது. பெயர்க் காரணம் கேட்டால் வியப்பாக இருக்கும்: முஹர்ரம் ஊர்வலத்தில் 'யா ஹசன், யா ஹுசைன்' என்று எழுந்த குரல் வெள்ளைக்காரச் சிப்பாய்களின் காதில் அப்படி விழுந்திருக்கிறது. கீழை நாடுகளில் ஆங்கிலேயர் வாயில் ஒட்டிக்கொண்ட சொற்களை எல்லாம் இதில் அடுக்கியிருக்கிறார்கள். இந்தியச் சொற்களோடு மலாய்ச் சொற்களும் ஏராளம். இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. கைப்பேசியில் இறக்கிக்கொண்டு தஞ்சோங் டாவாய்க்கு ஒருமுறை போய்ப் பாருங்கள்.

தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். தஞ்சோங் டாவாய் மெர்போக் ஆறு கடலில் கலக்கும் இடத்தில் இருக்கும் மீனவர் ஊர். சுங்கை பட்டாணியிலிருந்து செமிலிங், மெர்போக் வழியாகப் போகலாம். பின்புறம் குனோங் ஜெராய் 1,217 மீட்டர் உயரத்துக்கு நிற்கிறது. அந்தக் காலத்தில் கடலில் வருகிறவர்களுக்கு இதுதான் அடையாள மலை. ஆற்றுக்கு அக்கரையில் பந்தாய் மெர்டேக்கா. படகில் ஏறினால் சட்டென்று போய்விடலாம். சாலை வழியாகப் போனால் சுற்றோ சுற்று. கருவாடு, நெத்திலி, பெலாச்சான் வாங்க நம்மவர்கள் சுங்கை பட்டாணியிலிருந்தும் பீடோங்கிலிருந்தும் போகும் ஊர் இது.

அந்தப் பெலாச்சானிலிருந்தே தொடங்குவோம். 'பாலச்சோங்' என்றோ 'பிளாச்சோங்' என்றோ ஹாப்சன்-ஜாப்சனில் தேடிப் பாருங்கள், இருக்கிறது. வில்லியம் டாம்பியர் என்ற ஆங்கிலக் கடலோடி 1688 வாக்கில் இன்றைய வட வியட்நாமான டோங்கினில் இதைச் சாப்பிட்டுவிட்டு, வாடை பலமானது, ஆனால் ஊர்க்காரர்களுக்கு மிகவும் பிடித்த பண்டம் என்று எழுதி வைத்ததையும் அதே பதிவில் சேர்த்திருக்கிறார்கள். லண்டனில் அகராதி படிப்பவருக்கு இது அரிய சொல். தஞ்சோங் டாவாயில் அது வெயிலில் காய்ந்துகொண்டிருக்கும். கெராகாவ் என்ற பொடி இறாலில் செய்வது. உப்புப் போட்டுப் பிசிறி வெயிலில் பரப்புவார்கள். ஈரம் பாதி போனதும் இடிப்பார்கள். இடித்ததை மூடி வைத்துப் புளிக்க விடுவார்கள். மறுபடியும் வெயில், மறுபடியும் இடி. இளஞ்சிவப்பாக இருந்தது கருஞ்சிவப்பாகி, கடைசியில் ஊதா கலந்த பழுப்பாகும். அப்போதுதான் அச்சில் அழுத்திக் கட்டியாக்குவார்கள். கட்டியை விரலால் அழுத்தினால் பள்ளம் விழக் கூடாது. முகர்ந்தால் உப்புக்குப் பின்னால் ஒரு இனிப்பு வர வேண்டும். நல்ல பெலாச்சானை மக்சிக்குகள், அதாவது மலாய் அம்மாக்கள், இப்படித்தான் தேர்ந்தெடுக்கச் சொல்வார்கள். கோவாவின் 'பால்ச்சாவ்', பர்மாவின் 'பாலச்சாவுங்' எல்லாம் இந்தச் சொல்லின் உறவினர்கள் என்றே சொல்லப்படுகிறது. பர்மாவிலிருந்து வந்த தமிழ்க் குடும்பங்களின் சமையலறைகளிலும் அந்தப் பெயர் உண்டு.

படகுத்துறைப் பக்கம் வருவோம். இதே டாம்பியர்தான் சோழமண்டலக் கரையில் கட்டுமரத்தைப் பார்த்துவிட்டு 1697இல் அச்சான தன் பயண நூலில் 'கட்டமரான்' என்று வர்ணித்தவர். லேசான மரத் துண்டுகளைக் கட்டி அதன்மேல் மனிதர்கள் தண்ணீரில் பாதி நனைந்தபடி உட்கார்ந்து போகிறார்கள் என்று வியக்கிறார். இன்று உலகம் முழுவதும் இரட்டை உடல் கொண்ட வேகக் கப்பல்களுக்கு அந்தப் பெயர். வடிவம் பசிபிக் தீவுக்காரர்களுடையது, பெயர் நம்முடையது. துறையில் நிற்கும் 'லாஞ்ச்'சும் அப்படித்தான். போர்த்துகீசியர், ஸ்பானியர் வழியாக ஆங்கிலத்துக்கு வந்த சொல் அது. அதன் மூலம் 'லஞ்சாரான்' என்ற மலாய் விரைவுப் படகாக இருக்கலாம் என்று அகராதிகள் கொஞ்சம் தயங்கித் தயங்கிச் சொல்கின்றன. ஆற்றின் இரு கரையிலும் சதுப்புக் காடு. அதில் நிற்கும் நீப்பா பனை ஆங்கிலத்திலும் 'நீப்பா'தான். கடற்கரைகளில் வளரும் பூவரசுக்கு ஆங்கிலத்தில் 'போர்ஷியா மரம்' என்று பெயர். ஷேக்ஸ்பியரின் போர்ஷியாவுக்கும் இந்த மரத்துக்கும் ஒரு சம்பந்தமும் கிடையாது. 'பூவரசு' வெள்ளைக்காரர் வாயில் 'போர்ஷியா' ஆகிவிட்டது, அவ்வளவுதான். பீப்பி செய்து ஊதிய இலைக்கு இப்படி ஒரு ஆங்கிலப் பெயர் இருப்பதை அறியும் பிள்ளையின் முகத்தைப் பார்க்க வேண்டும்!

இந்தப் பட்டியலில் என் செல்லப்பிள்ளை 'கோடவுன்'. மலாயில் சரக்கறைக்கு 'குடாங்'. ஆங்கிலேயர் அதைக் 'கோடவுன்' ஆக்கிக்கொண்டார்கள். மலாய்க்காரர்களுக்கு அது எங்கிருந்து வந்திருக்கும்? தெலுங்கில் 'கிடங்கி', தமிழில் 'கிடங்கு'. பொருள் கிடக்கும் இடம் கிடங்கு. எந்த மொழியிலிருந்து என்று தீர்த்துச் சொல்லாமல் அகராதிகள் இரண்டையும் காட்டுகின்றன. நகரத்தார் பினாங்கிலும் சிங்கப்பூரிலும் வட்டிக்கடை நடத்தித் தங்கிய இடத்துக்குக் 'கிட்டங்கி' என்றே பெயர். இப்போது வேடிக்கையைப் பாருங்கள். தமிழ்நாட்டுப் பத்திரிகைகளில் 'குடோனில் தீ' என்று செய்தி வருகிறது. கிடங்கு கடல் கடந்து குடாங் ஆகி, வெள்ளைக்காரரின் கோடவுன் ஆகி, குடோனாக ஊர் திரும்பிவிட்டது. வீட்டில் கிடங்கும் இருக்கிறது, குடோனும் இருக்கிறது. இரண்டும் ஒன்றை ஒன்று அடையாளம் தெரியாமல் பக்கத்தில் பக்கத்தில் வாழ்கின்றன.

'காம்பவுண்டு சுவர்' என்கிறோமே, அதையும் யூல் 'கம்போங்' என்ற மலாய்ச் சொல்லோடுதான் சேர்க்கிறார். இன்றைய ஜகார்த்தாவான பத்தாவியாவிலும் மலாக்காவிலும் வேலி போட்ட குடியிருப்புகளைக் 'கம்போங்' என்று கேட்ட ஐரோப்பியர்கள், அதை இந்தியாவுக்குக் கொண்டுபோய் பங்களாவைச் சுற்றிய வளாகத்துக்கு வைத்தார்கள் என்பது அவர் வாதம். கம்பத்து வீட்டுக்குக் காம்பவுண்டு கட்டினோம் என்று நாம் சொல்லும்போது ஒரே சொல்லை இரண்டு முறை சொல்கிறோம்.

இதெல்லாம் எப்படி இவ்வளவு தூரம் போய் வந்தது என்று கேட்பவர்களை மெர்போக்கில் இருக்கும் பூஜாங் பள்ளத்தாக்குத் தொல்லியல் அருங்காட்சியகத்துக்குத்தான் அனுப்புவேன். தஞ்சோங் டாவாய் போகும் வழிதான். பக்கத்திலேயே புக்கிட் பத்து பாஹாட் கோயிலின் அடித்தளம் இருக்கிறது. இதுதான் கடாரம். பட்டினப்பாலை சொல்லும் காழகம் கடாரமே என்று நச்சினார்க்கினியர் உரை எழுதியிருக்கிறார். ராஜேந்திர சோழன் 1025இல் படை அனுப்பிய கரை. அந்தப் படையைப் பற்றியே நாம் அதிகம் பேசுகிறோம். எனக்கென்னவோ அதற்கு முன்னும் பின்னும் சத்தமில்லாமல் வந்து போன வணிகர்கள்மேல்தான் மரியாதை அதிகம். கப்பல் மலாயில் 'கப்பால்' ஆனதும், கடை 'கெடாய்' ஆனதும், பெட்டி 'பெத்தி' ஆனதும், முதல் 'மோடால்' ஆனதும் அவர்களால்தான். வாள் வந்து போய்விட்டது. கெடாய் இன்றைக்கும் ஒவ்வொரு தெருவிலும் திறந்திருக்கிறது. இந்தக் கொடுக்கல் வாங்கலுக்கு நடுவில் மிகவும் பிந்தி வந்து சேர்ந்தவர்கள்தான் ஆங்கிலேயர்கள்.

கரையை விட்டுத் தோட்டத்துக்குப் போவோம். இங்கேதான் சொற்கள் கனக்கின்றன.

தோட்டத்தில் கணக்கு எழுதுகிறவர் கிராணி. மலாயில் 'கெரானி'. ஆங்கிலத்தில் 'கிரானி' என்று ஒரு சொல் உண்டு. சுவர் இடுக்கு என்று பொருள் என்பது எல்லா அகராதியிலும் இருக்கும். ஹாப்சன்-ஜாப்சனில் இன்னொரு 'கிரானி' இருக்கிறார். வங்காளத்தில் ஆங்கிலம் எழுதத் தெரிந்த எழுத்தர். இந்தியிலிருந்து வந்த சொல். இங்கிலாந்தில் அந்தப் பொருள் எப்போதோ செத்துவிட்டது. பீடோங் பக்கத்துத் தோட்டங்களில் பெரிய கிராணியாரைப் பார்த்து எழுந்து நின்றவர்கள் இன்னும் உயிரோடு இருக்கிறார்கள். தமிழ்நாட்டிலும் இலங்கையிலும் இந்த வேலைக்குப் பெயர் கணக்குப்பிள்ளை. அதுவும் 'கனிகோபொலி' என்ற கோலத்தில் ஆங்கிலத்தில் புகுந்திருக்கிறது. புனித சவேரியார் முத்துக்குளித்துறையிலிருந்து 1544இல் எழுதிய கடிதத்திலேயே, எழுதத் தெரிந்த ஒரு கணக்குப்பிள்ளையைக் கூட்டிக்கொண்டு போ என்று வருகிறது. ஐரோப்பிய மொழியில் எழுதும்போதும் அவருக்கு அந்த ஆளைக் குறிக்க வேறு சொல் கிடைக்கவில்லை.

கங்காணியை யாருக்கும் அறிமுகம் செய்ய வேண்டியதில்லை. கண்ணால் காணும் வேலை, கண்காணி. ஆக்ஸ்போர்டு அகராதியில் 'கங்கனி' இருக்கிறது, இலங்கையும் மலாயாவும் குறிக்கப்பட்டு. ஊருக்குப் போய்த் தன் சாதி சனத்தையே ஆள் பிடித்துக்கொண்டு வந்தவர். பெரட்டுக் களத்தில் பெயர் கூப்பிட்டவர். கடன் புத்தகத்தை வைத்திருந்தவர். 1938இல் இந்திய அரசு உடலுழைப்புத் தொழிலாளர்களை உதவி கொடுத்து அனுப்புவதைத் தடை செய்ததோடு கங்காணி முறை முடிந்தது. அகராதியில் ஒரு வரிதான் பொருள் எழுதியிருக்கிறது. அந்த ஒரு வரிக்குள் எத்தனை கப்பல், எத்தனை நாகப்பட்டினம், எத்தனை அம்மாக்கள்.

அடுத்து 'டயர்'. இதைச் சொல்லாமல் கெடாவில் சொல் ஆராய்ச்சி செய்யவே கூடாது. ஹாப்சன்-ஜாப்சனில் 'டயர்' என்ற பதிவுக்குப் பொருள் தயிர். தென்னிந்தியாவில் இருந்த ஆங்கிலேயர்கள் தமிழ், மலையாளத் 'தயிர்' என்பதை வண்டிச் சக்கரத்து டயரின் எழுத்துக்கூட்டலிலேயே எழுதினார்கள். நம் தோட்டத்தில் என்ன நடந்தது? இருட்டோடு எழுந்து, தலையில் விளக்கைக் கட்டிக்கொண்டு, மரத்தைச் சீவி, கோப்பையில் பால் இறக்கினோம். பட்டையில் ஒட்டிக் காய்ந்ததை ஒட்டுப்பால் என்று தனியாக உரித்து எடுத்தோம். வாளியில் சேர்த்த பாலை ஸ்டோருக்குத் தூக்கிக்கொண்டு போனால் அங்கே நிறுத்து, வடிகட்டி, தண்ணீர் கலந்து, தொட்டியில் ஊற்றி, பார்மிக் அமிலம் விடுவார்கள். சிறிது நேரத்தில் பால் உறையும். தோட்டத்தில் அதற்கு உறைதல் என்றே பெயர், தயிருக்கு வைத்திருக்கும் அதே சொல். உறைந்த கட்டியை உருளையில் கொடுத்துத் தகடாக்கி, புகைக்கூண்டில் காயவைத்துக் கப்பலேற்றினால் அது எங்கோ அமெரிக்காவில் டயராகும். பாலை உறையவைத்து டயர் செய்தவர்களின் தாய்மொழியில் அந்த உச்சரிப்புக்குத் தயிர் என்று பொருள் என்பதைச் சொல்லும்போது எனக்கு இன்றைக்கும் உடம்பு சிலிர்க்கிறது. இரண்டு 'டயரு'க்கும் இடையில் வேர் உறவு எதுவும் இல்லை. அதைப் பிள்ளைகளிடம் தெளிவாகச் சொல்லிவிடுவேன். உறவு சொல்லில் இல்லாவிட்டால் என்ன, கையில் இருந்தது.

'டாடி' என்ற சொல்லும் தோட்டக்காரர்களுக்கு நன்றாகத் தெரியும். இந்தியில் 'தாடி', பனங்கள். ஸ்காட்லாந்தில் அது விஸ்கியில் வெந்நீரும் சர்க்கரையும் கலந்த குளிர்கால பானமாக மாறிவிட்டது. இங்கே அது கள்ளுக்கடை. கெடாவில் தொண்டர் படை இளைஞர்கள் 1946, 1947இல் தோட்டத்துக் கள்ளுக்கடைகளை எதிர்த்து மறியல் செய்தார்கள். பீடோங் ஹார்வர்டு தோட்டத்தில் அது மோதலாகவே வெடித்தது. குளிருக்கு இதமான பானம் என்று மட்டும் அகராதியில் படித்துவிட்டுப் போகிற பிள்ளைக்கு அந்த வரலாறு தெரியாமலே போய்விடும்.

இனி, நான் தயங்கித் தயங்கிச் சொல்லித்தரும் இரண்டு சொற்கள். 'பரையா' என்ற ஆங்கிலச் சொல்லுக்கு ஒதுக்கப்பட்டவன் என்று பொருள். உலகச் செய்திகளில் ஒரு நாட்டையே 'பரையா நாடு' என்று எழுதுகிறார்கள். அது பறை அடித்த நம் மக்களின் பெயர். அவர்கள் சாதியற்றவர்கள் என்று வெள்ளைக்காரர்கள் நினைத்துக்கொண்டது தவறு என்று யூலும் பர்னலுமே எழுதியிருக்கிறார்கள். எழுதி என்ன பயன்? சொல் கையை விட்டுப் போய்விட்டது. மலாயிலும் அது வசையாகவே வந்து சேர்ந்தது. அடுத்தது 'கூலி'. குஜராத்தின் கோலி மக்கள் பெயரிலிருந்து வந்ததா, தமிழ்க் கூலியிலிருந்து வந்ததா என்று அறிஞர்கள் இன்னும் வாதாடுகிறார்கள். தமிழில் கூலி என்பது உழைப்புக்குக் கொடுக்க வேண்டிய காசு. ஆங்கிலத்தில் அது உழைப்பவனையே குறிக்கும் இழிசொல்லாகிவிட்டது. கொடுக்க வேண்டியதை மறந்துவிட்டு ஆளுக்குப் பெயர் வைத்துவிட்டார்கள்.

மலாய்க்காரர்களுக்கும் இதே அநியாயம் நடந்திருக்கிறது. வெறிபிடித்து ஓடுவதை 'ரன்னிங் அமோக்' என்று ஆங்கிலத்தில் சாதாரணமாகச் சொல்வது 'அமோக்' என்ற மலாய்ச் சொல்தான். காலனி காலத்து மருத்துவர்கள் அதை மலாய்க்காரர்களுக்கே உரிய நோயாக எழுதினார்கள். திடுக்கிட்டதும் தன்னை மறந்து நடந்துகொள்ளும் 'லாத்தா' என்ற இன்னொன்றும் கூடவே. அமெரிக்க மனநல மருத்துவச் சங்கம் 1994இல் வெளியிட்ட கையேட்டிலும் இரண்டும் ஒரு பண்பாட்டுக்கு உரிய நோய்க்குறிகளின் பட்டியலில் இருந்தன. எங்கள் வகுப்பில் மலாய்ப் பிள்ளைகளும் இருப்பதால் பரையாவையும் கூலியையும் அமோக்கையும் சேர்த்தே பேசுவோம். யார் பெயரை யார் எழுதினார்கள் என்று ஒரு மணி நேரம் விவாதம் ஓடும். அன்றைக்கு எழுதும் கட்டுரைகளில் 'பிளெத்தோரா' தலைகாட்டாது.

இன்னொன்றையும் இங்கே பேசியாக வேண்டும். வாட்ஸ்அப்பில் வரும் பட்டியல்கள். 'கேஷ்' என்பது காசு, 'ஒன்' என்பது ஒன்று, 'எய்ட்' என்பது எட்டு, 'அனகோண்டா' என்பது ஆனை கொன்றான், 'செரண்டிபிட்டி' சேரன் தீவு. நம் மொழிமேல் உள்ள அன்பால் அனுப்புகிறார்கள், அது புரிகிறது. ஆனாலும் ஒவ்வொன்றையும் பார்த்துத்தான் ஆக வேண்டும். பணம் என்ற பொருளில் வரும் 'கேஷ்' பெட்டி என்று பொருள்படும் பிரெஞ்சுச் சொல்லிலிருந்து வந்தது. அதே எழுத்தில் இன்னொரு 'கேஷ்' இருக்கிறது. அதுதான் போர்த்துகீசியர் வழியாகப் போன நம் காசு. 1818 வரை மதராஸில் 80 காசு ஒரு பணம், 42 பணம் ஒரு வராகன். ஆங்கிலக் கணக்குப் புத்தகங்களில் 'கேஷ்', 'ஃபனம்', 'பகோடா'. அனகோண்டாவைத் தமிழ் என்றுதான் யூலும் நினைத்தார். பின்னால் வந்தவர்கள் வேறொரு பாம்பின் சிங்களப் பெயர் இடம் மாறி ஒட்டிக்கொண்டது என்று காட்டினார்கள். 'செரண்டிபிட்டி' 1754இல் ஹொரேஸ் வால்போல் உருவாக்கியது; அதில் உள்ள செரண்டிப் இலங்கையின் பழைய அரபு, பாரசீகப் பெயர்; சிங்களத் தீவு என்பதன் திரிபு. 'ஒன்', 'எய்ட்' இரண்டும் ஜெர்மானிய வேர்கள். இல்லாததை நமக்கு என்று சொல்லிக்கொண்டே இருந்தால், இருப்பதைச் சொல்லும்போதும் யாரும் நம்ப மாட்டார்கள். நம்மிடம் இருப்பது கொஞ்சமா? மாணிக்கமும் நீலமும் எந்தக் கனிமமோ, அந்தக் 'கொரண்டம்' தமிழ்க் குருந்தம். வைரத்துக்கு அடுத்தபடி கடினமான இயற்கைக் கனிமங்களில் அது ஒன்று. மோஸ் அளவையில் 9. ஜெர்மனியிலும் ஜப்பானிலும் கனிமவியல் படிக்கும் பிள்ளையும் அந்தப் பெயரைத்தான் எழுத வேண்டும்.

மலாயிலிருந்து போனதில் இரண்டை மட்டும் சொல்லிவிடுகிறேன். பாங்கோலின் என்ற எறும்புதின்னி, 'பெங்குலிங்'. சுருண்டு உருளுவது என்று பொருள். தொட்டால் அது அப்படித்தான் செய்யும். 'கட்டா பெர்ச்சா' என்பது 'கெத்தா பெர்ச்சா', நம் காட்டு மரத்துப் பிசின். 1851இல் டோவருக்கும் கலேவுக்கும் இடையில் கடலுக்கடியில் போட்ட தந்திக் கம்பிக்கு அதைத்தான் உறையாகப் போர்த்தினார்கள். இன்றைக்கும் பல் மருத்துவர் வேர் சிகிச்சை செய்துவிட்டு அதைத்தான் உள்ளே வைத்து அடைக்கிறார்.

அகராதிக்காரர்கள் இப்போது மாறி வருகிறார்கள். ஆக்ஸ்போர்டில் 2016இல் 'ஐயோ' ஏறியது, 2017இல் 'அண்ணா' ஏறினார், 2025இல் மலேசியாவிலிருந்து 'அலாமாக்', 'தப்பாவ்' ஏறின. எப்படி ஏறுகின்றன என்பதைப் பிள்ளைகள் தெரிந்துகொள்ள வேண்டும். யாரோ பெரியவர்கள் கூடி முடிவு செய்வதில்லை. அந்தச் சொல்லை ஆங்கிலத்தில் பலர், பல ஆண்டுகளாக, பல இடங்களில் எழுதியிருக்கிறார்கள் என்று சான்று வேண்டும். பத்திரிகை, கதை, கடிதம், எதுவானாலும் சரி. எழுத்தில் இருந்தால் எண்ணிப் பார்ப்பார்கள்.

அதனால்தான் வகுப்பில் கே.எஸ். மணியத்தைக் கையில் கொடுக்கிறேன். 1942இல் பீடோங்கில் பிறந்தவர், 2020இல் காலமானார். சலவைத் தொழிலாளியின் மகன். சுங்கை பட்டாணியில் ஆங்கிலப் பள்ளியில் படித்து, மலாயாப் பல்கலைக்கழகத்தில் விரிவுரையாளர் ஆனவர். 1981இல் வந்த 'தி ரிட்டர்ன்' நாவலில் ரவி என்ற பையனின் பாட்டி பெரியதாயி. அந்தப் பெயருக்கு அவர் ஆங்கில வேடம் போடவில்லை. 'பெரியதாயி' என்றே ஆங்கில எழுத்தில் நடக்கவிட்டார். அவருடைய வாக்கியங்களில் பஞ்சு கிடையாது. நம் ஊர்ச் சேறும் சாமி படமும் சலவைக் கல்லும் ஆங்கிலத்தில் எந்தக் கூச்சமும் இல்லாமல் இருக்கின்றன.

போன பருவத்தில் ஒரு மாணவி, தோட்டத்து வீட்டைக் காலி செய்துவிட்டுத் தாமானுக்குக் குடிபோன நாளைப் பற்றி ஆங்கிலத்தில் எழுதிக்கொண்டு வந்தாள். 'ஒட்டுப்பால்' என்று எழுதிவிட்டு, "டீச்சர், இதுக்கு இங்கிலீஷ்ல என்ன?" என்று கேட்டாள். தோட்டத்துத் துரைமார் 'ஸ்கிராப்' என்பார்கள் என்றேன். கழிவு என்றல்லவா பொருள் வருகிறது, ஒட்டுப்பாலுக்குக் காசு கொடுத்தார்களே என்றாள். இருக்கட்டும், உன் சொல்லையே வை, அடுத்த வாக்கியத்தில் அது என்ன என்று காட்டிவிடு என்றேன். வைத்தாள், பாட்டி அதை மரத்திலிருந்து உரித்து இடுப்புப் பைக்குள் போட்டுக்கொள்வதையும், அன்று முழுக்க அவள் சேலையில் அந்த வாடை நிற்பதையும் நான்கு வரியில் எழுதியிருந்தாள். ஆங்கில எழுத்தில் ஒட்டுப்பாலை எப்படிக் கூட்டுவது, ஒரு 'டி'யா இரண்டு 'டி'யா என்பதில்தான் இருவருக்கும் கொஞ்ச நேரம் பிடித்தது. இரண்டு போட்டோம்.